ஊர்க் காணியும் அற்பக் குத்தகையும்

தனியொருவர் தமது காணியைத் தாம் விரும்பிய விலைக்கு விற்கலாம். மகளுக்குச் சீதனமாக எழுதிவிடலாம். அண்டை வீட்டாருக்கு ஆண்டொன்றுக்கு ஒரு ரூபா குத்தகைக்குக் கொடுத்தும் மகிழலாம். அவரைக் கேட்பாரில்லை, கேட்கவேண்டிய அவசியமுமில்லை. நட்டம் அவருடையது. ஆயின், ஒரு நகரசபை தன் பெயரிலுள்ள காணியை இவ்வாறு கொடுக்க முற்படும்போது நிலைமை வேறாகின்றது. உறுதியில் இருப்பது சபையின் பெயர். காணியின் பயனுக்கு உரியவரோ அந்நகரின் குடிகள். இன்று வாழ்வோரும் நாளை பிறக்கவிருப்போரும் அக்குடிகளுள் அடங்குவர். ஆகவே, கையொப்பமிடுபவர் ஒருவர், நட்டத்தைச் சுமப்பவர் வேறொருவர் என்றாகின்றது. “ஊரார் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே” என்று நம் முன்னோர் நகைத்துக் கூறியது இத்தகைய தாராள மனத்தைக் குறித்தே.

ஊருக்குச் சொந்தமான காணியைச் சந்தைப் பெறுமதிக்குக் குறைவாகக் கொடுத்தலாகாது என்பது இன்று எவருக்கும் எளிதில் விளங்கும் நியாயம். எனினும், அந்த நியாயம் சட்டமாக உருப்பெறுவதற்கு இங்கிலாந்திலே நெடுங்காலஞ் சென்றது. பல நகரங்கள் தம் முதுசொத்தை இழந்த பின்னரே அங்கு அறிவு பிறந்தது. அந்த வரலாறு, நகராட்சி என்னும் அமைப்பைப் பிரித்தானியரிடமிருந்து பெற்ற எந்த நாட்டினருக்கும் பயன் தரத்தக்கது.

குத்தகை என்பது காலத்தோடு செய்யும் ஓர் ஒப்பந்தம். இதனை விளக்க லிவர்ப்பூல் நகரின் வரலாற்றில் ஒரு நல்ல உதாரணம் உண்டு. பதினேழாம் நூற்றாண்டில் லிவர்ப்பூல் ஒரு சிறு துறைமுக ஊர். அதன் கிழக்கே பெருந்தரவை ஒன்று கிடந்தது. அத்தரவையின்மீது மொலினோ பிரபு தமக்கு உரிமை உண்டென்றார். ஊரவர் தமக்கே உரியதென்றனர். பிரபு தமது நிலத்திலிருந்து உப்பங்கழிக்குக் குறுக்கே பாலம் அமைத்துத் தரவைக்கு வழிவிட முயன்றபோது பிணக்கு முற்றி வழக்காயிற்று. ஈற்றில் 1672 ஆம் ஆண்டில் இரு பகுதியினரும் சமரசமாயினர். அச்சமரசத்தின்படி, தரவையின்மீது தமக்கிருந்த உரிமைகளைப் பிரபு நகரத்துக்கு 1,000 ஆண்டுக் குத்தகையாக எழுதிக் கொடுத்தார். ஆண்டுக் குத்தகை 30 பவுண்.

அன்று அது நியாயமான தொகையாகவே தோன்றியிருக்கும். புல்லும் புதரும் மண்டிய நிலத்துக்கு அதற்குமேல் யார் கொடுப்பார்? ஆனால், 1715 ஆம் ஆண்டிலே லிவர்ப்பூலில் கப்பல் நிறுத்தும் மூடிய தடாகம் திறக்கப்பட்டது. வாணிகம் பெருகிற்று, அவ்வாணிகத்துள் அடிமை வியாபாரம் என்னும் பெரும் பாவமும் கலந்திருந்தது. குடிகள் பெருகினர். தரவை தெருக்களாயிற்று, தெருக்களின் இருமருங்கும் மாடிகள் எழுந்தன. குத்தகைப் பணமோ அதே 30 பவுணாக நின்றது. இறுதியில் 1777 ஆம் ஆண்டில் நகரசபை 2,250 பவுண் கொடுத்துப் பிரபுவின் வழித்தோன்றலிடம் எஞ்சியிருந்த உரிமையையும் வாங்கிவிட்டது. பிற்காலத்தில் லிவர்ப்பூல் மாநகரத்தின் பெருஞ்சொத்தாக விளங்கியவற்றுள் இந்நிலம் முதன்மையானது.

இந்தப் பேரத்தில் நகரம் வென்றது; பிரபு தோற்றார். பிரபு தமது சொந்தச் சொத்தில் தோற்றார் என்பதால் ஊர் கவலைப்படவில்லை. ஆனால், இதே வகையான நீண்ட குத்தகையை ஒரு நகரசபை மற்றொருவருக்குக் கொடுத்திருந்தால் என்னவாகியிருக்கும்? தோற்பவர் நகரத்துக் குடிகளாக இருந்திருப்பர். பதினெட்டாம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் பல நகரங்களில் நடந்தது அதுவே.

அக்காலத்து நகரசபைகளைக் குடிகள் தெரிவு செய்யவில்லை. பெரும்பாலான ஊர்களில் சபையின் உறுப்பினர் தாமே தமக்குப் பின்வருவோரைத் தெரிந்தெடுத்தனர். ஓர் இடம் வெறிதானால் மைத்துனன் வருவான். அல்லது கூட்டு வியாபாரி வருவான். கணக்குகளை ஊருக்குக் காட்டவேண்டும் என்ற நியதியும் இருக்கவில்லை. அரசர்கள் வழங்கிய பட்டயங்களால் இச்சபைகளுக்குக் காணிகளும், சந்தை வரிகளும், ஆலைகளும், மீன்பிடி உரிமைகளும் இருந்தன. அச்சொத்து யாருக்காக வழங்கப்பட்டது என்ற கேள்வி எழும்போதெல்லாம், அது சபைக்கே உரியது, சபையினர் தம் விருப்பப்படி அதனைச் செலவிடலாம் என்ற விடையே பல இடங்களிலும் கிடைத்தது.

கேம்பிறிட்ச் நகரம் இதற்குப் பேர்பெற்ற உதாரணம். அந்நகரில் முதன்முதலாக வங்கி தொடங்கிய யோன் மோட்லொக் என்பவர் 1780 களிலிருந்து நகரசபையைத் தம் கைப்பிடியில் வைத்திருந்தார். தாமே பலமுறை நகரபிதாவாக அமர்ந்தார். பின்னர் அவருடைய குடும்பத்தாரும் அப்பதவியை வகித்தனர். அவருடைய ஆதிக்கக் காலத்தில் நகரசபையின் காணிகள் சபை உறுப்பினருக்கும் அவர்தம் நண்பருக்கும் மிக நீண்ட தவணைகளுக்கு மிகக் குறைந்த தொகைகளில் குத்தகையாக வழங்கப்பட்டன. கொடுத்தவரும் வாங்கியவரும் ஒரே மேசையைச் சுற்றி அமர்ந்திருந்தவர்கள். வேலியே பயிரை மேய்ந்தது.

லெசுற்றர் நகரசபை வேறொரு வழியில் ஊர்ச்சொத்தைக் கரைத்தது. 1826 ஆம் ஆண்டுப் பாராளுமன்றத் தேர்தலில் தன் கட்சிக்காரர் வெற்றிபெறவேண்டுமென்று அச்சபை ஏறத்தாழ 10,000 பவுணைச் செலவிட்டது. அதன்பொருட்டு ஊர்ச்சொத்தை ஈடுவைத்தது. நகரசபைகளின் பணத்தைப் பாராளுமன்றத் தேர்தல்களில் செலவிடுதல் கூடாதென்று 1832 ஆம் ஆண்டில் ஒரு தனிச்சட்டமே இயற்றவேண்டியதாயிற்று.

குறைந்த குத்தகை கொடுக்கும் முறையிலும் ஒரு நுட்பம் இருந்தது. அது விளங்கினாலன்றிப் பின்வந்த சட்டத்தின் நோக்கம் விளங்காது. ஒரு காணி ஆண்டொன்றுக்கு 100 பவுண் குத்தகை பெறத்தக்கது எனக் கொள்வோம். சபை அதனை ஆண்டுக்கு 5 பவுண் வீதம் நெடுந்தவணைக்குக் கொடுக்கும். அதற்கு ஈடாகத் தொடக்கத்தில் ஒரு பெருந்தொகையை முற்பணமாக வாங்கிக்கொள்ளும். அந்த முற்பணம் இன்றைய சபையின் கையில் வந்து விழும். விருந்துக்கோ, கடன் தீர்ப்பதற்கோ, தேர்தலுக்கோ செலவாகும். 5 பவுண் மட்டும் அடுத்த தலைமுறைக்கு எஞ்சும். விதைநெல்லைக் குற்றிச் சோறாக்கி உண்டவன், பசி தீர்ந்தது என்று மகிழலாம். அடுத்த போகத்துக்கு வயலில் இறங்குபவன் என் செய்வான்?

இக்குறைகளை ஆராய 1833 ஆம் ஆண்டில் அரச ஆணைக்குழு ஒன்று நியமிக்கப்பட்டது. யோன் பிளாக்பேண் அதன் தலைவர். யோசேப்பு பாக்ஸ் அதன் செயலாளர். ஆணையாளர்கள் 285 ஊர்களுக்குச் சென்று பகிரங்க விசாரணை நடத்தினர். சில ஊர்களில் சபையினர் ஏடுகளைக் காட்ட மறுத்தனர். வேறு சில ஊர்களில் குடிகள் திரண்டு வந்து சாட்சியமளித்தனர். ஆணைக்குழுவினருள்ளும் கருத்து வேற்றுமை இருந்தது. வரலாற்றறிஞரான பிரான்சிஸ் பல்கிறேவ் பெரும்பான்மையோரின் முடிவை ஏற்கவில்லை. எனினும், 1835 ஆம் ஆண்டில் வெளிவந்த அறிக்கை, நகரசபைகள்மீது மக்கள் கொண்ட அவநம்பிக்கையைத் தெளிவாக எடுத்துரைத்தது.

அதே ஆண்டு யூன் மாதம் 5 ஆம் திகதி லோட் யோன் றசல் பொதுமக்கள் சபையில் நகராட்சிச் சீர்திருத்த மசோதாவைச் சமர்ப்பித்தார். பிரதம மந்திரியாக இருந்தவர் மெல்போண் பிரபு. பிரபுக்கள் சபையில் லிண்ட்ஹேஸ்ட் பிரபு தலைமையில் கடும் எதிர்ப்பு எழுந்தது; பல திருத்தங்கள் புகுத்தப்பட்டன. ஆயினும், செத்தெம்பர் 9 ஆம் திகதி மசோதா அரச சம்மதம் பெற்றுச் சட்டமாயிற்று. 178 நகரங்களில் பழைய சபைகள் நீங்கி, வரி செலுத்தும் குடிகள் தெரிவு செய்யும் சபைகள் தோன்றின. இலண்டன் நகரின் பழம்பெரும் சபை இச்சட்டத்துக்குத் தப்பியது.

வரலாற்று நூல்கள் இச்சட்டத்தைப் பற்றிக் கூறும்போது வாக்குரிமையையே பெரிதும் எடுத்துரைக்கும். காணியைப் பற்றிய பிரிவுகளும் அதற்குக் குறையாத முக்கியத்துவம் உடையவை. அவை கூறியவற்றைச் சுருக்கமாக நோக்கலாம். திறைசேரியின் அனுமதியின்றி நகரசபை தன் காணியை விற்கவோ ஈடுவைக்கவோ கூடாது. சாதாரண குத்தகை 31 ஆண்டுகளுக்கு மேற்படலாகாது. கட்டடங் கட்டுவதற்கான குத்தகையாயின் 75 ஆண்டுகள்வரை செல்லலாம். சாதாரண குத்தகையில், தவணைக்காலம் முழுவதற்கும் நியாயமான ஆண்டு வாடகை குறிக்கப்படவேண்டும். முற்பணம் வாங்குதல் ஆகாது. விதைநெல்லை உண்ணும் வழி இந்த ஒரு விதியால் அடைக்கப்பட்டது. ஊர்நிதியில் மிஞ்சுவது குடிகளின் பொது நன்மைக்கும் நகர அபிவிருத்திக்கும் செலவிடப்படவேண்டும் என்றும் சட்டம் விதித்தது.

சட்டம் இயற்றியோர் மனித இயல்பை நன்கறிந்தவர்கள். வீட்டை விட்டுப் போகச் சொன்னால், போகிறவன் கதவையும் கழற்றிக்கொண்டு போவான் என்பதை அவர்கள் மறக்கவில்லை. ஆகவே, மசோதா சமர்ப்பிக்கப்பட்ட யூன் 5 ஆம் திகதிக்குப் பின்னர் பழைய சபைகள் கள்ள உடன்பாட்டினால் தகுந்த பெறுமதியின்றிச் செய்த விற்பனைகளையும் குத்தகைகளையும் புதிய சபைகள் கேள்விக்குட்படுத்தலாம் என்று ஒரு பிரிவைச் சேர்த்தனர். சட்டம் பிறந்த நாளிலிருந்தன்றி, அது வருமென்று ஊரறிந்த நாளிலிருந்தே அதன் கண் விழித்திருந்தது.

அந்த விழிப்பு வீண்போகவில்லை. லிவர்ப்பூலின் பழைய சபை விலகுந் தறுவாயில் நகரத்தின் பெருந்தொகைச் சொத்தை இங்கிலாந்துத் திருச்சபைக் குருமாரின் சம்பளத்துக்கென ஒதுக்கிவைத்தது. கொடை நற்காரியத்துக்கே என்று கூறப்பட்டது. ஆனால், கொடுக்கப்பட்டது சபையினரின் பணமன்று. கடைத் தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைத்தால், புண்ணியம் உடைத்தவனுக்கா, கடைக்காரனுக்கா? வழக்கு மன்றேறியது. 1837 ஆம் ஆண்டில் கொட்டனம் பிரபு அளித்த தீர்ப்பில், நகரசபையின் சொத்துப் பொதுமக்களின் நலனுக்கான நம்பிக்கைச் சொத்து என்றும், அதனை வேறு வழியிற் செலுத்தினால் நீதிமன்றம் தலையிடலாம் என்றும் தெளிவாயிற்று. கோயிற் காணிக்குத் தருமகர்த்தா எவ்வாறோ, ஊர்க் காணிக்கு நகரசபை அவ்வாறு. ஆள்வது உண்டு, அழிப்பதற்கு உரிமை இல்லை.

கட்டுப்பாடு வந்ததால் நகரங்கள் வளராது நின்றனவா என்றால், இல்லை. பேர்மிங்காம் நகரம் அதற்குச் சான்று. 1873 முதல் 1876 வரை அந்நகரின் நகரபிதாவாக விளங்கிய யோசேப்பு சேம்பர்லேன், 1875 ஆம் ஆண்டில் ஒரு பெரிய புனரமைப்புத் திட்டத்தை வகுத்தார். நகரின் நடுவே இடிந்து நாறிய குடியிருப்புகள் நிறைந்திருந்த நிலத்தை நகரசபை வாங்கியது. 1878 ஆம் ஆண்டிலிருந்து அங்கே கோப்பரேசன் வீதி என்னும் அகன்ற வீதி அமைக்கப்பட்டது. அதன் இருமருங்கிலுமுள்ள நிலத்தைச் சபை விற்றுவிடவில்லை. 75 ஆண்டுத் தவணைக்குக் கட்டடக் குத்தகையாகக் கொடுத்தது. குத்தகைக்காரர் தம் பணத்தில் கடைகளையும் மாடிகளையும் கட்டினர். தவணை முடிந்ததும் நிலமும் அதன்மேலுள்ள கட்டடமும் நகரத்துக்கே மீளும். நட்டவர் பேரப்பிள்ளைகளுக்குப் பனை பலன் கொடுப்பதுபோல, வரவிருக்கும் தலைமுறைக்கு வருமானம் தரும் ஏற்பாடு அது. திட்டத்திற் குறைகளும் இருந்தன; அவ்விடத்தை விட்டு நீங்கிய ஏழைகளுக்குப் போதிய வீடுகள் கட்டிக்கொடுக்கப்படவில்லை. எனினும், காணி கைவிட்டுப் போகாதிருப்பின் நகரத்துக்கு என்ன கிட்டும் என்பதை அது நன்கு காட்டியது.

1835 ஆம் ஆண்டுச் சட்டத்தின் விதிகள் 1882 ஆம் ஆண்டு நகராட்சிச் சட்டத்திலும் தொடர்ந்தன. 1888 இல் அனுமதி வழங்கும் பொறுப்புத் திறைசேரியிலிருந்து உள்ளூராட்சிச் சபைக்கு மாறியது. பின்னர் அது மந்திரியிடம் சென்றது. இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் வேறொரு குறை தோன்றிற்று. ஒவ்வொரு சிறு காணிக்கும் தலைநகரிலிருந்து அனுமதி வரும்வரை ஊர் காத்திருக்க நேர்ந்தது. குடிகளால் தெரிவு செய்யப்பட்ட சபையைச் சிறுபிள்ளைபோல் நடத்துவது முறையோ என்ற கேள்வியும் எழுந்தது. 1959 ஆம் ஆண்டின் நகர, கிராமத் திட்டமிடற் சட்டம் ஒரு நடுவழியை வகுத்தது. நல்ல விலை பெற்றால் மந்திரியின் அனுமதி வேண்டியதில்லை. விலை குறைந்தால் மட்டும் அனுமதி வேண்டும் என்பது அதன் சாரம்.

இக்கொள்கையே 1972 ஆம் ஆண்டின் உள்ளூராட்சிச் சட்டத்து 123 ஆம் பிரிவில் இடம்பெற்றது. அச்சட்டம் இங்கிலாந்திலும் வேல்சிலும் 1974 ஆம் ஆண்டு ஏப்பிரில் மாதம் நடைமுறைக்கு வந்தது. அமைச்சரின் சம்மதமின்றி, நியாயமாகப் பெறக்கூடிய மிகச் சிறந்த பெறுமதிக்குக் குறைவாகச் சபை தன் காணியைக் கைமாற்றலாகாது என்பது அப்பிரிவின் கருத்து. கைமாற்றல் என்பதில் விற்பனை மட்டுமன்றிக் குத்தகையும் அடங்கும். ஆயினும், ஏழு ஆண்டுக்கு மேற்படாத குறுங்குத்தகைக்கு விலக்களிக்கப்பட்டது. ஏழாண்டு என்பது ஒரு தலைமுறையின் உரிமையைப் பறிக்கும் காலமன்று. இன்றைய சபை தவறு செய்யினும், அடுத்த அல்லது அதற்கடுத்த சபை அதனைத் திருத்திக்கொள்ளலாம். நூறு ஆண்டுத் தவணைக்கு அவ்வாறு திருத்தம் இல்லை.

சிறந்த பெறுமதி என்றால் யாது? இதனைப் பற்றி நீதிமன்றங்கள் பலமுறை ஆராய்ந்தன. ஒரு நிறுவனம் குறைந்த விலை கூறுகின்றது. ஆனால், தான் வந்தால் ஊரிலுள்ள பலருக்கு வேலை கிடைக்கும் என்கின்றது. மற்றொரு நிறுவனம் கூடிய விலை தருகின்றது; வேலை பற்றி எதுவும் கூறவில்லை. வேலைவாய்ப்பையும் விலையோடு கூட்டிக் கணக்கிடலாமா? 1988 ஆம் ஆண்டின் மிடில்ஸ்பரோ வழக்கிலும், 2001 ஆம் ஆண்டில் இலண்டனின் ஹக்னி சபை சம்பந்தமான வழக்கிலும் நீதிமன்றம் கூடாதென்றே விடை கூறிற்று. பணமாக மதிக்கத்தக்க பெறுமதியே கணக்கில் எடுக்கப்படும். வேலைவாய்ப்பு நல்லதே, அதற்காக விலையைக் குறைக்க விரும்பினால் அதற்குரிய சம்மதத்தைப் பெறவேண்டும். நல்ல நோக்கம் என்ற போர்வையால் விலைக்குறைவை மூடுதல் ஆகாது.

இந்தக் கடுமையின் காரணத்தை வேறொரு வழக்கு விளக்கும். பேர்மிங்காம் மாநகரசபை முதியோர் தன் பேருந்துகளில் இலவசமாகச் செல்லலாம் என்று ஒரு திட்டம் வகுத்தது. வரியிறுப்பாளர் ஒருவர் அதனை எதிர்த்து வழக்கிட்டார். 1955 ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கைகளில் இடம்பெற்ற தீர்ப்பில், சபை வரியிறுப்பாளர்க்கு நம்பிக்கைப் பொறுப்பாளர் போன்றது. ஒரு சாராருக்கு மற்றவர் செலவில் கொடை வழங்கச் சட்டம் இடந்தரவில்லை என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் கூறிற்று. இது முதியோர்மீது இரக்கமின்மையோ என்று பலருக்குத் தோன்றலாம். ஆனால், அதே 1955 ஆம் ஆண்டிலேயே பாராளுமன்றம் கூடி, அத்தகைய பயணச் சலுகைகளுக்கு இடமளிக்கும் சட்டமொன்றை இயற்றியது. கொடை நின்றுவிடவில்லை. யார் கொடுக்கலாம், எவ்வளவு கொடுக்கலாம் என்பது பகிரங்கமாக விவாதிக்கப்பட்டுச் சட்டத்தின் வழியே நடந்தது.

காணி விடயத்திலும் இதுவே நிகழ்ந்தது. ஊர்ச்சபைகள் இளைஞர் மன்றங்களுக்கும், விளையாட்டுக் கழகங்களுக்கும், தரும நிலையங்களுக்கும், மலிவு வீட்டுத் திட்டங்களுக்கும் குறைந்த குத்தகையில் நிலம் வழங்க விரும்புவது இயல்பே. அதனை முற்றாகத் தடுப்பது ஊருக்கு நன்மையன்று. எனவே, 2003 ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் சபைகளுக்குப் பொதுச் சம்மதமொன்று வழங்கப்பட்டது. ஊரின் பொருளாதார, சமூக, சுற்றாடல் நலத்தை வளர்க்கும் என்று சபை கருதினால், குறைந்த பெறுமதிக்கும் காணியைக் கைமாற்றலாம். ஆனால், உண்மைப் பெறுமதிக்கும் பெறப்படும் தொகைக்கும் உள்ள வேறுபாடு 20 இலட்சம் பவுணுக்கு மேற்படலாகாது. மேற்படின் அமைச்சரிடம் செல்லவேண்டும். தகுதிபெற்ற மதிப்பீட்டாளர் ஒருவரைக் கொண்டு காணியின் முழுப் பெறுமதியையும் முன்னரே கணித்தல் அவசியமாயிற்று.

இந்த ஏற்பாட்டின் சிறப்பு அந்தக் கணிப்பிலேயே உள்ளது. ஆண்டுக்கு ஒரு பவுண் குத்தகை என்று ஏட்டில் எழுதினால், ஊர் எவ்வளவு கொடுத்தது என்பது ஒருவருக்கும் தெரியாது. காணியின் பெறுமதி இவ்வளவு, பெற்றது இவ்வளவு, விட்டுக்கொடுத்தது இவ்வளவு என்று எழுதினால், கொடையின் அளவு வெளிப்படும். அக்கொடைக்கு ஈடாக ஊர் பெறும் நன்மை போதுமா என்று குடிகள் கேட்கலாம். ஒரு நூல்நிலையத்துக்காக ஊர் ஓர் இலட்சத்தை விட்டுக்கொடுக்க மனமுவந்து இசையலாம். ஒரு வணிகரின் வாகனத் தரிப்பிடத்துக்காக இசையாது விடலாம். தொகை தெரிந்தாலன்றி இசைவுக்கும் மறுப்புக்கும் பொருளில்லை. 2007 ஆம் ஆண்டில் பரி குவேர்க் என்பவர் அரசாங்கத்துக்குச் சமர்ப்பித்த அறிக்கையும், ஊர்ச் சொத்துக்களைச் சமூக அமைப்புகளிடம் ஒப்படைத்தல் பல இடங்களில் நன்மை தரும். இடர்களை முன்னறிந்து கையாண்டால் அஞ்சவேண்டியதில்லை என்றே எடுத்துரைத்தது.

விலையை மட்டுமே நோக்கிப் பொறுப்பை மறப்பதனால் வரும் கேட்டுக்கும் உதாரணம் உண்டு. 1987 ஆம் ஆண்டில் இலண்டனின் வெஸ்ட்மினிஸ்டர் மாநகரசபை தனக்குச் சொந்தமான மூன்று சேமக்காலைகளை ஒவ்வொன்றும் 5 பென்சாக, மொத்தம் 15 பென்சுக்கு விற்றது. பராமரிப்புச் செலவு ஆண்டுதோறும் ஏறுகின்றது. அதிலிருந்து நீங்கினாற் போதும் என்பது சபையின் எண்ணம். ஆனால், சேமக்காலைகளோடு கட்டடங்களும் வேறு நிலமும் சேர்ந்தே கைமாறின. வாங்கியவர் கைகளில் கல்லறைகள் கவனிப்பாரின்றிப் புதர் மண்டின. இறந்தோரின் உறவினர் வெகுண்டெழுந்தனர். பிற்பாடு அதே மாநகரசபை அச்சேமக்காலைகளை மீளப் பெற நேர்ந்தது. ஓராண்டுச் செலவுக் கணக்கை மட்டும் பார்த்துக் காணியின் பெறுமதியைத் தீர்மானிப்பது எத்துணை அறியாமை என்பதற்கு இதனைவிட வேறு பாடம் வேண்டியதில்லை.

சட்டத்துக்கும் ஓர் எல்லை உண்டு என்பதைக் கூறாது விடலாகாது. சம்மதம் பெறப்படாத ஒரே காரணத்தால் கைமாற்றம் செல்லாதொழியாது; வாங்குபவர் அச்சம்மதத்தைத் தேடி விசாரிக்க வேண்டியதுமில்லை என 1972 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 128 ஆம் பிரிவு வாங்குபவருக்குக் காப்பளிக்கின்றது. நேர்மையாக வாங்கியவர் பிற்காலத்தில் அல்லற்படலாகாது என்ற நியாயம் அதிலுண்டு. ஆனால், அதன் விளைவு யாதெனில், வெள்ளம் வருமுன்னரே அணை கட்டவேண்டும். சபையின் தீர்மானம் பத்திரமாகி உறுதி முடிந்த பின்னர் விழிப்பவருக்கு நீதிமன்றத்தில் வழி குறுகிவிடும். திறந்த வெளியாகப் பொதுமக்கள் பயன்படுத்தும் நிலமாயின், அதனைக் கைமாற்றுமுன் உள்ளூர்ப் பத்திரிகையில் இரண்டு கிழமை தொடர்ந்து அறிவித்தல் கொடுத்து, ஆட்சேபங்களைச் சபை ஆராயவேண்டும் என்றும் சட்டம் கூறுகின்றது. அந்தச் சிறிய அறிவித்தலை வாசிப்பவர் ஊரில் ஒருவராவது இருக்கவேண்டும்.

இலங்கையில் கொழும்பும் கண்டியும் மாநகரசபைகளைப் பெற்றது 1865 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தினாலாகும். இங்கிலாந்தின் சீர்திருத்தச் சட்டம் நிறைவேறி அப்போது முப்பது ஆண்டுகளே கழிந்திருந்தன. யாழ்ப்பாணம் 1949 ஆம் ஆண்டில் மாநகரசபையாயிற்று. சபை, நகரபிதா, சோலைவரி, கணக்காய்வு என்னும் உறுப்புகள் அனைத்தும் அந்த மரபின்வழி வந்தவை. அம்மரபோடு வந்த நியாயமும் ஒன்றே: ஊர்ச்சொத்தை ஆள்பவர் அதன் உடைமையாளர் அல்லர். கடை, மைதானம், சந்தைத் திடல், பேருந்து நிலையத்தை அடுத்த துண்டுக் காணி என்று எதனைக் குத்தகைக்குக் கொடுப்பினும், பெறுமதி கணிக்கப்பட்டதா, பகிரங்கமாகக் கேள்வி கோரப்பட்டதா, தவணை எத்தனை ஆண்டு, வாடகை காலத்துக்குக் காலம் உயருமா என்ற நான்கு வினாக்கள் எந்த ஊரிலும் கேட்கத்தக்கவை.

ஊர்க் காணியின் இழப்பு ஒரு விசித்திரமான இழப்பு. வீட்டில் ஒரு செம்பு காணாமற் போனால் அன்று மாலையே வீட்டார் தேடுவர். ஊரின் ஏக்கர்க் கணக்கான நிலம் அற்பக் குத்தகைக்குப் போனால், எவரும் தாம் இழந்ததாக உணரார். ஆயிரம்பேர் மத்தியில் பங்கிடப்பட்ட நட்டம் ஒருவருக்கும் நட்டமாகத் தோன்றாது. ஆனால், பயனடைந்த ஒருவருக்கோ அது பெருஞ்செல்வமாகும். இழந்ததின் கணக்குப் பல ஆண்டு கழித்தே வெளிப்படும். பள்ளிக்கூடம் கட்ட இடமில்லை, பிள்ளைகள் விளையாட வெளியில்லை, வடிகால் வெட்டப் பணமில்லை என்று சபை கைவிரிக்கும் நாளில் அக்கணக்கைக் குடிகள் செலுத்துவர். கேம்பிறிட்சில் நகரத்தின் காணிகளை நண்பருக்கு எழுதிக் கொடுத்தவர்களும் அவற்றைப் பெற்றவர்களும் மறைந்து நெடுங்காலமாயிற்று. அவர்கள் குறித்த நீண்ட தவணைகள் அவர்களுக்குப் பின்னரும் நின்றன. ஊர்ச் சபைகள் காணியைக் கொடுக்கலாம். நல்ல காரியத்துக்காயின் குறைத்தும் கொடுக்கலாம். கொடுப்பது எவ்வளவு, எதற்காக, எத்தனை காலத்துக்கு என்பதை ஊரறியக் கூறிய பின்னரே கையொப்பமிடவேண்டும் என்பதே இந்த நீண்ட வரலாறு கற்பிக்கும் பாடம்.